இரண்டாம் பிரதிவாதி என் அக்கா

1

மூன்று மாதத்துக்கு முன்னால் என் மகளுக்குப் பதினாலு வயது முடிந்தது. எங்கள் பாகப்பிரிவினை வழக்குக்கும் அதே வாரம் பதினாலு முடிந்தது. மகள் இங்கே டொடோமாவில் பிறந்த மூன்றாம் நாள்தான் ஊரில் வக்கீல் வழக்கைத் தாக்கல் செய்துவிட்டு, நம்பர் ஆகிவிட்டது, இனிக் கவலை வேண்டாம் என்று போன் செய்தார். ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்றபடி ஒரே நேரத்தில் இரண்டுக்கும் சந்தோஷப்பட்டேன். மகள் இப்போது அவள் அம்மாவை விட உயரம். வழக்கு எவ்வளவு வளர்ந்தது என்று கேட்காதீர்கள். காகிதக் கட்டு பருத்திருக்கிறது, அவ்வளவுதான்.

நான் யாரென்று சொல்லிவிடுகிறேன். திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் இந்தியா பூராவும் ஓடி போர் போடுவது உங்களுக்குத் தெரியும். அதில் ஒன்று கப்பலேறித் தான்சானியாவுக்கு வந்தபோது கூடவே வந்த ஆள் நான். மூன்று வருடத்தில் திரும்பிவிடுகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். இருபத்திரண்டு வருடம் ஆகிறது. இப்போது சொந்தமாக ஒரு வண்டி வைத்திருக்கிறேன். அடுத்தவர் காட்டில் துளை போட்டுத் தண்ணீர் எடுத்துக் கொடுப்பது தொழில். என் சொந்தக் காட்டில் ஒரு துளை போட முடியவில்லை. அதைத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

மகள் கேக்கை வெட்டப் போகிற நேரத்தில் போன் சத்தம் கேட்டது. வக்கீல் வாட்ஸப்பில் ஒரு வரைபடம் அனுப்பியிருந்தார். கோர்ட் நியமித்த கமிஷனர், சர்வேயரோடு போய்க் காட்டை அளந்து மூன்று துண்டாகப் பிரித்துப் போட்ட பிளான் அது. பதினாலு வருடத்தில் முதல்தடவையாக எங்கள் காட்டின் நடுவே கோடு விழுந்திருக்கிறது. கேக்கை விட்டுவிட்டு, கண்ணாடியை மாட்டிக்கொண்டு அதைப் பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டிருந்தேன். மனைவி முறைத்தாள். மகள் பாவம், கத்தியைக் கையில் பிடித்துக்கொண்டு நான் நிமிரும்வரை காத்திருந்தாள்.

2

பரமத்தி வேலூரிலிருந்து திருச்செங்கோட்டுக்கு வருகிற வழியில் எங்கள் காடு. ஆற்றங்கரைப் பக்கம் வெற்றிலையும் வாழையும் பச்சையாகத் தெரியும். எங்களுடையது வாய்க்கால் எட்டாத மேடு. ஆறு ஏக்கர், நடுவில் ஒரு கிணறு, கிணற்றைச் சுற்றி நாற்பது தென்னை. மேற்கே கடைசி இரண்டு ஏக்கரும் கல்லுக்கரடு, ஏர்க்கொழு இறங்காது.

அம்மா முந்தியே போய்விட்டார். அப்பா எதுவும் எழுதி வைக்காமல் செத்துப்போனார். அப்பாவுக்கு நாங்கள் மூன்று பேர். அண்ணன் ரோட்டோரத்து வீட்டில் இருந்துகொண்டு காட்டைப் பார்த்தார். அக்கா சரஸ்வதி இள வயதிலேயே புருஷனை இழந்து, ஒரு பெண் குழந்தையோடு திரும்பி வந்தவள். கிணற்றடியில் அப்பா அவளுக்கு ஓடு போட்டு ஒரு சாளை வீடு கட்டிக் கொடுத்திருந்தார். நான்கு மாடு, சொசைட்டிக்குப் பால் என்று அவள் பாட்டுக்கு இருந்தாள். அந்தப் பெண்ணை எடப்பாடியில் தறி ஓட்டுகிற வீட்டில் கட்டிக்கொடுத்ததும் அவள் பாலில் சம்பாதித்ததுதான். மூன்றாவது நான், ஆப்பிரிக்காக்காரன்.

எங்கள் பக்கத்து வழக்கம் உங்களுக்குத் தெரியாததல்ல. அப்பன் போய் மூன்று மாதமானதும் கூடப் பொறந்தவளைக் கூப்பிட்டு, சேலை எடுத்துக்கொடுத்து, விருந்து போட்டு, விடுதலைப் பத்திரத்தை நீட்டுவார்கள். எனக்கு எதுவும் வேண்டாம் என்று அவள் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு பஸ் ஏறுவாள். சட்டம் என்னவோ சொல்லட்டும், விருந்து அப்படியேதான் நடக்கிறது. அண்ணன் கெட்டவர் இல்லை. இளம்பிள்ளைப் பட்டுச்சேலையே எடுத்திருந்தார். அக்காவிடம் அவர் சொன்னது இவ்வளவுதான்: "நீ இருக்கற வரைக்கும் இருந்துக்க சரசு. உன்னை யாரு போகச் சொல்லப் போறா? கையெழுத்தை மட்டும் போட்டுரு."

அக்கா சேலையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள். பேனாவை வாங்கவில்லை. அன்று மாலை எனக்குப் போன் செய்தாள். அழவெல்லாம் இல்லை. மாடு கத்துகிற சத்தத்துக்கு நடுவே நிதானமாகத்தான் கேட்டாள்.

"அண்ணன் நல்லவங்கதான் தம்பி. அவங்க நல்லவங்களா இருக்கற வரைக்குந்தான் நான் இங்க இருக்க முடியும்னா, அது எப்படி என்னோட ஊடு?"

எனக்குச் சுருக்கென்றது. அப்போது வயதும் அப்படி, கையில் புதுக் காசும் அப்படி. இரண்டே வருடத்தில் உன் பங்கை உன் கையில் வாங்கித் தருகிறேன் அக்கா என்று சத்தியம் மாதிரிச் சொன்னேன். ஒரே வாசலில் குடியிருந்துகொண்டு அண்ணன்மேல் வழக்குப் போட அக்காவுக்கு மனசில்லை. வக்கீல் அதற்கு ஒரு வழி சொன்னார். நான் வாதி. அண்ணன் முதல் பிரதிவாதி. பிரிவினை வழக்கில் பங்குக்காரர் எல்லாரையும் சேர்த்தாக வேண்டும் என்பதால் அக்கா இரண்டாம் பிரதிவாதி. யாருக்காக வழக்குப் போட்டேனோ அவள்மேலேயே வழக்குப் போட்டேன். வக்கீல் இதையெல்லாம் சும்மா பேருக்கு என்றார்.

3

வழக்கு போட எனக்குப் பதிலாக அங்கே ஒரு ஆள் வேண்டும். என் மச்சினனுக்குப் பவர் எழுதி, தாரெஸ்ஸலாம் போய், தூதரகத்தில் முத்திரை வாங்கி அனுப்பினேன். வெளிநாட்டில் எழுதிய பவர் இந்தியாவுக்கு வந்து சேர்ந்தால் மூன்று மாதத்துக்குள் அங்கே ஸ்டாம்ப் கட்டிப் பதிய வேண்டும். அதை வக்கீல் சொல்லியிருக்கிறார், மச்சினனும் கேட்டிருக்கிறான். ஆனால் கவர் வந்து சேர்ந்தது ஆனிக் கடைசியில். எடுத்துக்கொண்டு கிளம்பலாம் என்றால் ஆடி பிறந்துவிட்டது. ஆடியில் நல்ல காரியம் தொடங்கக் கூடாதென்று மாமியார் அதை வாங்கிச் சாமி படத்தடியில் வைத்து, தினம் ஒரு செம்பருத்தியும் சாத்தியிருக்கிறார். ஆவணியில் மச்சினனுக்குக் கொழுந்தியா கல்யாணம். புரட்டாசி நல்லதா கெட்டதா என்று ஆளுக்கொன்று சொன்னார்கள். எடுத்துக்கொண்டு போன அன்று மூன்று மாதம் தாண்டி நாலு நாள்.

அப்புறமென்ன, மறுபடி டொடோமாவிலிருந்து தாரெஸ்ஸலாம், மறுபடி முத்திரை. வழக்கு பிறக்கவே இப்படி ஏழு மாதம். மச்சினனைத் திட்ட வாயெடுத்தால் மனைவி நடுவில் வந்து நிற்கிறாள்.

வழக்கைப் போட்ட கையோடு நான் கேட்டு வாங்கியது ஒரு இடைக்கால உத்தரவு. வழக்கு முடிகிறவரை சொத்து இருக்கிற நிலையிலேயே இருக்க வேண்டும். விற்கக் கூடாது, கட்டக் கூடாது, மரம் வெட்டக் கூடாது, போர் போடக் கூடாது. அண்ணன் காட்டை யாருக்கும் எழுதிக் கொடுத்துவிடாமல் கட்டிப்போட்டேன் என்று எனக்குப் பெருமை. உத்தரவு நகலைக் கையில் வைத்துக்கொண்டு மனைவியிடம் இரண்டு தடவை படித்துக் காட்டினேன். அது யாரைக் கட்டிப்போடும் என்று யோசிக்கிற புத்தி எனக்கு இல்லை.

அதற்குப் பிறகு வாய்தாதான். நீதிபதி மாறுதல், வக்கீல்கள் புறக்கணிப்பு, கோடை விடுமுறை, அண்ணன் வக்கீலுக்கு உடம்பு சரியில்லை, நம் வக்கீல் வீட்டில் விசேஷம், பின்னாளில் ஊரே அடைந்து கிடந்த கொரோனா. இங்கே இரண்டு வருடத்துக்கு ஒருமுறை என் தங்கும் அனுமதியைப் புதுப்பிக்க வேண்டும். கவுண்டரில் இருப்பவர் சிரித்த முகத்தோடு 'கேஷோ' என்பார், நாளைக்கு வா என்று அர்த்தம். ஆரம்பத்தில் எனக்குக் கோபம் வரும். இப்போது வருவதில்லை. அவர்களுடைய நாளைக்கு எப்படியும் ஒரு பத்து நாளில் வந்துவிடுகிறது.

4

ஏழாவது வருடம் தீர்ப்பு வந்தது. மூன்று பேருக்கும் ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு. மச்சினன் போனில் கத்தினான். அன்றைக்கு வண்டியை நிறுத்திவிட்டு, ஆட்களுக்கெல்லாம் கோழி அடித்துச் சோறு போட்டேன். என்ன விசேஷம் என்று கேட்ட டிரைவரிடம், அக்காவுக்கு நிலம் கிடைத்துவிட்டது என்றேன். அவன் தட்டை வைத்துவிட்டு எழுந்து வந்து கை குலுக்கினான்.

ஊரில் எல்லாரும் அப்படியேதான் நினைத்தோம். கோர்ட்டே சொல்லிவிட்டது, இனி சர்வேயரை அவர்களே அனுப்பி, கல் நட்டு, சாவியைக் கையில் கொடுப்பதுபோலக் கொடுத்துவிடுவார்கள் என்று. அக்கா தினமும் பால் ஊற்றிவிட்டு வந்து ரோட்டைப் பார்ப்பாளாம். மச்சினனும் வக்கீலைத் தொந்தரவு செய்யவில்லை, ஜெயித்த வக்கீலை எதற்குப் போய் நச்சரிப்பது என்று. வக்கீலோ, கட்சிக்காரர் வரவில்லை, உங்களுக்குள் பேசி முடித்துக்கொண்டீர்கள் போல என்று வழக்குக் கட்டைத் தூக்கிப் பரண்மேல் போட்டுவிட்டார்.

இப்படியே இரண்டு வருடம். அப்புறம்தான் தெரிந்தது, வந்தது முதல்நிலைத் தீர்ப்பு. யாருக்கு எவ்வளவு என்று மட்டும் அது சொல்லும். யாருக்கு எது என்று சொல்ல வேண்டுமானால் இறுதித் தீர்ப்புக்குத் தனியாக மனுப் போட வேண்டும். அதற்கு ஒரு கமிஷனர், ஒரு சர்வேயர், ஒரு பிளான், அதன்மேல் ஆட்சேபணை. மூன்று பேருக்கு ஆறு ஏக்கரில் பங்கு உண்டு என்று கண்டுபிடிக்க ஏழு வருடம். அதைக் கண்டுபிடிக்காமலேயே எங்கள் மூன்று பேருக்கும் தெரியும்.

மகளுக்கு அப்போது ஒன்பது வயது. ஸ்வாஹிலியிலும் வழக்குக்குக் 'கேசி' என்றுதான் பெயர், அதனால் நாங்கள் பேசுவது அவளுக்குப் பாதி புரியும். அதில் கெட்டவர் யார் என்று கேட்டாள். யாருமில்லை என்றேன். அப்படியானால் எதற்குக் கேசி என்றாள். சாப்பிடு என்றேன்.

5

சும்மா கிடந்த அந்த இரண்டு வருடத்தில்தான் மழையும் ஏமாற்றியது. கிணறு அடி தெரிந்துவிட்டது.

அன்று நாங்கள் கொண்டோவாவுக்கு அப்பால் ஒரு பள்ளிக்கூடத்துக்குப் போர் போட்டுக்கொண்டிருந்தோம். மூன்று நாளாகப் புழுதி. நாலாம் நாள் மதியம் ஈர மண் வந்து, பின்னாலேயே தண்ணீர் பீறிட்டது. பெண்கள் குலவையிட்டார்கள். இங்கேயும் குலவை உண்டு, நம்மூர் போலவேதான். நான் உடம்பெல்லாம் சேறாக நின்றுகொண்டிருந்தபோது போன் வந்தது. அண்ணன். வழக்குப் போட்ட பிறகு அவர் என்னைக் கூப்பிட்டது அந்த ஒரே தடவைதான்.

"தம்பி, கெணறு வத்திப்போச்சு. தென்னை பூராவும் மட்டை தொங்கிப்போச்சு. சரசு மாட்டுக்குக் கூடத் தண்ணியில்ல. ஒரு போர் போட்டுக்கலாம்னு நீ ஒரு கடுதாசி குடுத்தீன்னா கோர்ட்டுல அனுமதி வாங்கிக்கலாம்" என்றார்.

வக்கீல் என்னை முன்பே எச்சரித்து வைத்திருந்தார். அண்ணன் போர் போட்டு, கரண்ட் இணைப்பு தன் பேரில் வாங்கிவிட்டால் அந்த இடம் தன்னுடையது என்பார், அசைந்து கொடுக்காதீர்கள் என்று. கோர்ட்டில் பார்த்துக்கொள்ளுங்கள் அண்ணா என்றேன். கம்ப்ரசர் சத்தத்தில் அவருக்குக் கேட்டிருக்காதோ என்று இன்னொரு தடவை சத்தமாகச் சொன்னேன்.

பிறகு, "நீயே வந்து போட்டாலுஞ் சரிதான் சாமி" என்றார்.

நான் போனை வைத்துவிட்டேன். அந்தப் பள்ளிக்கூடத்தில் எனக்கு மாலை போட்டார்கள். கழுத்தை நீட்டி வாங்கிக்கொண்டேன்.

நாற்பது தென்னையும் ஒன்றொன்றாகப் போனதை அக்கா போனில் சொல்லிக்கொண்டே வந்தாள். கிழக்கு வரிசையில் மூன்று மொட்டையாகிவிட்டது, மோட்டார் பக்கத்தில் அப்பா வைத்தது போய்விட்டது என்று. செத்த மரத்தை வெட்டவும் முடியாது, உத்தரவு இருக்கிறது. மொட்டை மரங்களை அப்படியே வைத்துக்கொண்டுதான் இத்தனை வருடமும் அவள் குடியிருக்கிறாள். தண்ணீருக்கு என்ன செய்கிறாய் என்று கேட்டேன். ரோட்டோரத்து வீட்டில் பஞ்சாயத்துக் குழாய் இருக்கிறது, அண்ணி தினம் பத்துக் குடம் விடுகிறாள் என்றாள். முதல் பிரதிவாதி வீட்டுத் தண்ணீரில்தான் இரண்டாம் பிரதிவாதியின் மாடுகள் பிழைத்தன. வாதியாகிய நான் ஆப்பிரிக்காவுக்குத் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

பத்தாவது வருடம் அண்ணன் மாரடைப்பில் போய்விட்டார். என் பாஸ்போர்ட், தங்கும் அனுமதியைப் புதுப்பிக்கக் கொடுத்த இடத்தில் மாட்டிக்கொண்டிருந்தது. அது கையில் இருந்திருந்தாலும் நான் போயிருப்பேனா என்று எனக்குத் தெரியவில்லை. அக்கா போனில் சொன்னபோது என் வாயிலிருந்து வந்த சொல் 'போலே'. இங்கே யாருக்கு எந்தக் கஷ்டம் என்றாலும் முதலில் சொல்கிற ஆறுதல் வார்த்தை. கல் தடுக்கினாலும் அதுதான், சாவுக்கும் அதுதான். என்ன தம்பி சொல்கிறாய் என்று கேட்டாள் அக்கா. சொந்த அண்ணன் சாவுக்கு என் தமிழில் ஒரு வார்த்தை வரவில்லை. அதை நினைத்தால் இன்றைக்கும் கூசுகிறது.

கோர்ட்டில் அண்ணன் இடத்தில் அண்ணியையும் அவர் மகனையும் சேர்க்க வேண்டும். அந்த மனு, அதற்கு நோட்டீஸ், காலதாமதத்துக்கு மன்னிப்பு கேட்டு இன்னொரு மனு என்று மேலும் இரண்டு வருடம். வக்கீல் பேச்சுவாக்கில் சொன்னார், உங்களுக்கு ஏதாவது ஆனால் உங்கள் மகளை வாதியாகச் சேர்த்துவிடலாம், கவலைப்படாதீர்கள் என்று. மகளிடம் சிரித்துக்கொண்டே சொன்னேன்.

"அப்போ நான் அத்தை மேலயும் கேசி போட்டிருப்பேனா?" என்று கேட்டாள்.

சும்மா பேருக்கு என்றேன். வக்கீல் என்னிடம் சொன்ன அதே வார்த்தை. அவள் நம்பவில்லை. தமிழில் தன் பெயரையே எழுதத் தெரியாதவள், தமிழில் எழுதிய வழக்கில் வாதி. நினைத்துப் பார்த்தேன், தூக்கம் வரவில்லை.

6

இப்போது பிளானுக்கு வருகிறேன்.

கமிஷனர் ஒரு சின்ன வயது வக்கீலம்மா. நல்ல மனுஷி, வெயிலில் நாலு தடவை வந்து நின்று அளந்திருக்கிறார். அவர் கணக்குப்படி மூன்று பங்கும் மதிப்பில் சமம். ரோட்டோரமும் வீடும் அண்ணி பங்கில். நடுத்துண்டு, கிணறும் அக்காவின் சாளையும் இருக்கிற இடம், வாதியாகிய எனக்கு. மேற்கே கல்லுக்கரடு, பரப்பில் கொஞ்சம் கூடுதலாக, அக்காவுக்கு.

வாதிக்கு நல்ல பங்கு வந்திருக்கிறது என்று வக்கீல் என்னை வாழ்த்தினார். அக்காவின் வீடு என் பங்கில் அல்லவா விழுந்திருக்கிறது என்றேன். அதற்கு இரண்டு வழி உண்டு என்றார். ஆட்சேபணை போட்டால் மறுபடி கமிஷன், மறுபடி சர்வேயர், குறைந்தது இன்னும் இரண்டு வருடம். பேசாமல் இருந்தால் அடுத்த வாய்தாவிலேயே இறுதித் தீர்ப்பு ஆகிவிடும். அதற்குப் பிறகு என்றைக்காவது ஊருக்கு வரும்போது அக்காவுக்குத் தானமாக எழுதிக் கொடுத்துக்கொள்ளலாம், எழுதாவிட்டாலும் யார் கேட்கப் போகிறார்கள்.

எனக்கு அது சரியாகத்தான் பட்டது. உண்மையைச் சொன்னால், எப்படியாவது முடிந்தால் போதும் என்று இருந்தது. பதினாலு வருடமாக ஒரே பேச்சு. மாதம் பிறந்தால் வாய்தா, போன், என்னாச்சு, தள்ளிப் போட்டுட்டாங்க. எனக்கும் ஐம்பத்து நாலு ஆகிறது. முழங்கால் வலிக்கிறது.

அக்காவைக் கூப்பிட்டேன். பிளானை மச்சினன் மகன் கொண்டுபோய்க் காட்டியிருக்கிறான், பார்த்துவிட்டாள். இரண்டு வழியையும் சொன்னேன். ஆட்சேபணை எதுவும் வேண்டாம், வழக்கு முடியட்டும் என்றேன். இன்னும் கொஞ்சம் பேசினேன். காகிதத்தில் என் பேர் இருந்தால் என்ன, நானா அங்கே வந்து குடியிருக்கப் போகிறேன் என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம்.

"நீ இருக்கற வரைக்கும் இருந்துக்கக்கா. உன்னை யாரு போகச் சொல்லப் போறா?"

சொல்லி முடிக்கும்போதே எனக்குக் கேட்டுவிட்டது.

"இதைத்தான தம்பி அண்ணனும் சொன்னாங்க" என்றாள் அக்கா. குரலில் கோபமில்லை. "அப்பவே கையெழுத்துப் போட்டிருந்தா தென்னையாச்சும் மிஞ்சியிருக்கும்."

மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வேண்டும் என்று வைத்துவிட்டாள்.

நான் என்னைச் சமாதானப்படுத்திக்கொள்ள என்னென்னவோ சொல்லிப் பார்த்தேன். அண்ணன் பிடுங்கிக்கொள்ளப் பார்த்தார், நான் கொடுக்கத்தானே போகிறேன், இரண்டும் ஒன்றா என்று. மனைவியிடமும் இதைச் சொன்னேன். அவள் துணி மடித்துக்கொண்டே, வாங்கிக்கொள்கிறவர்களுக்கு இரண்டும் ஒன்றுதான் என்றாள். அவள் தம்பியைத் திட்டும்போது நடுவில் வருகிறவள் என்று நினைத்திருந்தேன். என்னைத் திட்டவும் அவளுக்குத் தெரியும் என்று அன்றைக்குத் தெரிந்தது.

7

அடுத்த வாய்தாவில் தீர்ப்பு ஆகவில்லை. வக்கீல் போன் செய்தபோது அவர் குரலே சரியில்லை. அக்கா கோர்ட்டுக்கு வந்துவிட்டாளாம்.

பதினாலு வருடத்தில் அந்தப் படியை அவள் மிதித்ததில்லை. நோட்டீஸ் வந்தால் வாங்கி மாடத்தில் வைப்பாள், அவ்வளவுதான். அன்று காலைப் பாலைக் கறந்து ஊற்றிவிட்டு, தனியாகப் பஸ் ஏறி, கோர்ட் வாசலில் ஒரு வக்கீலைத் தானே பிடித்து, ஆட்சேபணை மனுவில் கையெழுத்துப் போட்டு நீட்டியிருக்கிறாள். இத்தனை வருடம் வராமல் இருந்துவிட்டு முடிகிற நேரத்தில் ஏனம்மா வந்தாய், இதனால் உனக்குத்தான் தாமதம் என்று நீதிபதி நல்லபடியாகவே சொல்லியிருக்கிறார்.

"இருந்தாச்சுங்க பதினாலு வருசம். எனக்கொன்னும் அவசரமில்லீங்க" என்றாளாம் அக்கா.

உங்கள் நன்மைக்குத்தானே சொல்கிறோம், உங்கள் அக்காவே வழக்கை இழுத்தடிக்கிறார் என்று வக்கீல் என்னிடம் குறைபட்டுக்கொண்டார். எனக்குச் சிரிப்பு வந்தது. அப்புறம் அழுகையும் வந்தது, மறைப்பதற்கு என்ன இருக்கிறது. வழக்கு முடிய வேண்டும் என்று என்னைவிட ஆயிரம் மடங்கு தேவைப்பட்டவள் அவள். அறுபத்திரண்டு வயதில் குடத்தைத் தூக்கிக்கொண்டு ரோட்டோரத்துக்கு நடக்கிறாள். அவள் மகள் எடப்பாடிக்கு வந்துவிடு என்று வருந்தி வருந்திக் கூப்பிடுகிறாள், போகவில்லை. இன்னும் இரண்டு வருடம் நடக்கிறேன், ஆனால் தம்பி தயவில் இருக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டாள். அண்ணன் தயவு வேண்டாம் என்றவளுக்குத் தம்பி தயவு மட்டும் எப்படி இனிக்கும்?

நடுத்துண்டை அக்காவுக்கும் கரட்டை எனக்கும் மாற்றிக்கொள்ள நான் சம்மதித்து ஒரு பிரமாண வாக்குமூலம் கொடுத்தால், மறுபடி அளக்காமலே முடிக்க முடியுமா என்று வக்கீலைக் கேட்டேன். அண்ணியும் சரி என்றால் கோர்ட் ஒப்புக்கொள்ளலாம் என்றார். அண்ணியை நானே கூப்பிட்டேன். அண்ணன் காரியத்துக்கு வராதவனோடு பேச அவருக்கு என்ன தலையெழுத்து, ஆனாலும் பேசினார். "அது சரசு இருக்கற எடம்தானுங்க. இதுல எங்களைக் கேக்கறதுக்கு என்ன இருக்குதுங்க" என்றார். இந்த ஒரு வரியைப் பதினைந்து வருடத்துக்கு முன்னால் ஒரு சாயங்காலம் உட்கார்ந்து பேசியிருந்தால் அவர் வாயிலிருந்தே வாங்கியிருக்கலாம். யாரும் அவரைக் கேட்கவில்லை.

மூன்று நாளில் வக்கீல் வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்து அனுப்பினார். கச்சிதமாக எழுதுவார். நாலாவது பத்தி இப்படி இருந்தது: "இரண்டாம் பிரதிவாதி ஆதரவற்ற விதவை என்பதாலும், உடன்பிறந்த சகோதரி என்ற இயற்கையான அன்பின் காரணமாகவும், எனக்கு ஒதுக்கப்பட்ட மேற்படி பங்கை அவருக்கு விட்டுக்கொடுக்கச் சம்மதிக்கிறேன்."

டொடோமாவிலிருந்து தாரெஸ்ஸலாம் வரை ரயிலில் நாலு மணி நேரம் அந்தத் தாளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கையெழுத்துப் போட்டால் போதும். அன்பு இல்லையா என்றால் இருக்கிறது. அவளை விட்டால் எனக்கு அந்த ஊரில் யார் இருக்கிறார்கள்? ஆனால் அன்பினால் என்று எழுதினால் அது மறுபடியும் என் கையிலிருந்து போவது. நான் நல்லவனாக இருந்ததால் அவளுக்குக் கிடைத்தது என்று காலத்துக்கும் கோர்ட் கட்டில் கிடக்கும்.

மொரொகோரோ ஸ்டேஷன் தாண்டியதும் பேனாவை எடுத்து அந்தப் பத்தியை அடித்தேன். ஓரத்தில் எழுதினேன். ரயில் ஆட்டத்தில் எழுத்து கோணலாகத்தான் வந்தது.

"நடுத்துண்டில் முப்பது வருடத்துக்கு மேலாக இரண்டாம் பிரதிவாதி குடியிருந்து பாடுபட்டு வருகிறார். அது அவருடைய பங்கில் வந்திருக்க வேண்டியது. பிளானில் எனக்கு வந்தது தவறு. நான் எதையும் விட்டுக்கொடுக்கவில்லை. அவருடையதை அவருக்குக் குறிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன்."

போனில் படமெடுத்து வக்கீலுக்கு அனுப்பினேன். இரண்டுக்கும் பலன் ஒன்றுதானே, எதற்கு வீணாக மாற்றிக்கொண்டு என்று சலித்துக்கொண்டார். பலன் ஒன்றுதான் என்றால் மாற்றிக் கொடுங்கள் என்றேன். ஒரு மணி நேரத்தில் புதிதாக அடித்து அனுப்பினார். ஒரு கடையில் அச்செடுத்து, மறுநாள் தூதரகத்தில் அதிகாரி முன்னால் கையெழுத்துப் போட்டேன். முத்திரை விழுந்த தாளைப் படமெடுத்து அக்காவுக்கு அனுப்பினேன். கூட ஒரு வார்த்தையும் எழுதவில்லை. என்ன எழுதுவது?

நாலாம் நாள் அக்காவிடமிருந்து குரல் பதிவு வந்தது. மாட்டு மணிச் சத்தமும், பின்னால் அண்ணி யாரையோ கூப்பிடுவதும் கேட்டது.

"படிச்சேன் சாமி. ரெண்டு தடவை படிச்சேன். அடுத்த வாய்தா என்னைக்குன்னு கேட்டுச் சொல்லு, நானே போயிக்கறேன்."